சுகிகோவின் கணவன் நல்லவனா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஓர் உரையில் நீங்கள் குறிப்பிட்டதால் மிக்கியோ நருசேயின் 'முடிவில்லாத் தெரு' படத்தைத் தேடிப் பார்த்தேன். 1934இல் வந்த ஜப்பானிய மௌனப் படம். தொடக்கத்தில் பொறுமையைச் சோதித்தது. பேச்சே இல்லாமல் ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்திருப்பது என் தலைமுறைக்குக் கடினம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். பிறகு கதை இழுத்துக்கொண்டது.

ஆனால் முடிவு எனக்கு ஏற்புடையதாக இல்லை. ஹிரோஷி பாவம், அம்மாவுக்கும் மனைவிக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட நல்ல மனிதன். மனைவியை அடிக்கவில்லை, திட்டவில்லை, உண்மையாகவே நேசித்தான். அவன் மருத்துவமனைப் படுக்கையில் கிடக்கும்போது சுகிகோ அவனுடைய அம்மாவைக் கடிந்துவிட்டு வெளியேறுவது கல்நெஞ்சமாகப் பட்டது. பாவம், அவன் என்ன செய்திருக்க முடியும்? இவ்வளவுக்கும் பிறகு அவள் பழைய தேநீர்விடுதி வேலைக்கே திரும்புகிறாள். இது எதிர்ப்பா, தோல்வியா? மேற்கிலிருந்து வந்த பெண்விடுதலைக் கருத்தை நருசே செயற்கையாக ஒட்டவைத்துவிட்டாரோ என்றும் தோன்றியது.

ஜப்பானிய மௌனப் படங்களில் பார்க்க வேண்டியவற்றை வரிசையாகச் சொன்னால் உதவியாக இருக்கும். வரும் தை மாதம் எனக்குத் திருமணம். அதற்குள் பார்த்து முடித்துவிட ஆசை.

அன்புடன்,
ஆர்., ஈரோடு

*

அன்புள்ள ஆர்.,

சென்ற மாதம் என் அண்ணனுக்கு 75 வயது நிறைந்தது. ஊருக்குப் போயிருந்தேன். மதியச் சாப்பாட்டுக்கு வந்த உறவினர்கள், அவருடைய பழைய அலுவலக நண்பர்கள், தெருக்காரர்கள் என்று அத்தனை பேரும் அவரைப் பற்றிப் பேசிப் பேசிக் கடைசியில் ஒரே சொல்லில் வந்து நின்றார்கள். நல்ல மனிதர். திரும்பும்போது ரயிலில் அந்தச் சொல்லையே அசைபோட்டுக்கொண்டு வந்தேன். வீட்டுக்கு வந்து பார்த்தால் உங்கள் கடிதம். அதிலும் ஹிரோஷி நல்ல மனிதன். அன்றைக்கே எழுதியிருந்தால் கோபத்தில் எழுதியிருப்பேன் என்று ஒரு வாரம் தள்ளிப்போட்டேன். கோபம் இன்னும் முழுக்கத் தணியவில்லை. பொறுத்துக்கொள்ளுங்கள்.

சிறியவற்றை முதலில் முடித்துவிடுகிறேன்.

பேச்சே இல்லாத ஒன்றரை மணி நேரம் என்கிறீர்கள். 1934இல் ஜப்பானியத் திரையரங்குகளில் மௌனப் படம் ஓடியபோது திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி இருப்பார். ஆண் குரல், பெண் குரல், கிழவி குரல் எல்லாம் அவரே. சிரிக்கவைப்பார், அழவைப்பார், பாத்திரம் நினைப்பதையும் சேர்த்துச் சொல்வார். படத்தைவிடப் பென்ஷிக்காகவே டிக்கெட் எடுத்தவர்கள் உண்டு. நருசே வேலை பார்த்த ஷோச்சிக்கு நிறுவனம் 1931லேயே பேசும் படம் எடுத்துவிட்டது. அதன் பிறகும் சில ஆண்டுகள் மௌனப் படங்கள் தொடர்ந்ததற்குப் பென்ஷிகளின் செல்வாக்கும் ஒரு காரணம். ஆகவே உங்களைச் சோதித்த மௌனத்துக்கு நருசே பொறுப்பில்லை. நமக்குப் பேசிக்காட்ட ஆள் இல்லை, அவ்வளவுதான்.

மேற்கிலிருந்து ஒட்டவைத்தது என்ற வரியை நீங்களே அடித்துவிடுங்கள். சூரியனே பெண்தெய்வமாக இருக்கும் நாடு அது. இந்தப் படத்துக்கு 23 ஆண்டுகளுக்கு முன்பு, 1911இல், ஹிரட்சுக்கா ராய்ச்சோவும் அவருடைய தோழிகளும் பெண்களுக்காகப் பெண்களே நடத்தும் 'செய்த்தோ' இதழைத் தொடங்கினார்கள். சூரியனாக இருந்த பெண் பிறரின் ஒளியை வாங்கிப் பிழைக்கும் நிலவாகிப்போனாள் என்று முதல் இதழிலேயே ராய்ச்சோ எழுதினார். அந்தப் பெண்களுக்குக் கிடைத்த வசவையும், காவல்துறையின் தடையையும் மீறி வெளிவந்த இதழ் அது. ஒரு சமூகத்தின் பெண்கள் வலிக்கிறது என்று சொன்னால் அந்தச் சொல்லை எங்கே கற்றாய் என்று கேட்பது மரியாதையில்லாத கேள்வி. இதற்குமேல் இதைப் பற்றிப் பேச எனக்கு விருப்பமில்லை.

இனி படம். பார்க்காதவர்களுக்காகக் கதையைச் சொல்லிவிடுகிறேன். டோக்கியோவின் கின்சாவில் ஒரு தேநீர்விடுதியில் பரிமாறுகிறவள் சுகிகோ. அவளுக்கு ஒரு தம்பி இருக்கிறான். அவளை மணக்க விரும்பும் ஒருவன் இருக்கிறான். நடிக்க வரும்படி சினிமாக் கம்பெனியிலிருந்தும் அழைப்பு வருகிறது. இந்த வேளையில் ஒரு கார் அவள்மேல் மோதிவிடுகிறது. ஓட்டி வந்தவன் ஹிரோஷி, யமனோஉச்சி என்ற பெரிய குடும்பத்துப் பிள்ளை. பழக்கம் காதலாகித் திருமணமும் நடக்கிறது. சினிமா வாய்ப்பு அவளுடைய தோழிக்குப் போகிறது. மாமியாருக்கும் கணவனின் சகோதரிக்கும் தேநீர்விடுதிப் பெண் தங்கள் வீட்டு மருமகளாக வந்தது பொறுக்கவில்லை. குத்திக்காட்டிக்கொண்டே இருக்கிறார்கள். ஹிரோஷிக்கு எல்லாம் தெரியும். ஒரு கட்டத்தில் சுகிகோ வீட்டை விட்டுப் போய்விடுகிறாள். பிறகு ஹிரோஷி கார் விபத்தில் சிக்கி மருத்துவமனையில் கிடக்கிறான். அங்கே வரும் சுகிகோ அந்த இரண்டு பெண்களையும் நேருக்கு நேர் பார்த்து, நீங்கள் நேசித்தது குடும்பப் பெயரைத்தான், ஹிரோஷியை நேசிக்கவில்லை என்று சொல்லிவிட்டு வெளியேறுகிறாள். அவன் இறந்துபோகிறான். அவள் கின்சாவுக்குத் திரும்புகிறாள்.

ஹிரோஷியைப் பற்றி எழுதும்போது 'பாவம்' என்று இரண்டு இடத்தில் சொல்லியிருக்கிறீர்கள். சுகிகோவுக்கு ஓரிடத்திலும் அந்தச் சொல் கிடைக்கவில்லை. காரில் அடிபட்டவள் அவள். வேலையை விட்டவள் அவள். தெரிந்த தெருவையும் தெரிந்த மனிதர்களையும் விட்டு, தன்னை வேண்டாத வீட்டுக்குள் போனவள் அவள். இத்தனையும் பார்த்த பிறகு உங்கள் மனம் போய் ஹிரோஷியின் படுக்கைக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டது. உங்களைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. ஆண்பிள்ளைகளை நாம் அப்படித்தான் வளர்த்துவைத்திருக்கிறோம்.

'நடுவில் மாட்டிக்கொண்டவன்' என்கிறீர்கள். தம்பி, நடு எங்கே இருக்கிறது? இரண்டு பேர் சமமாக நின்று சண்டையிட்டால் நடுவில் ஓர் இடம் உண்டு. ஒருத்தி பேசிக்கொண்டே இருக்கிறாள், மற்றவள் கேட்டுக்கொண்டே இருக்கிறாள் என்றால் அங்கே நடுவே கிடையாது. வீடு அம்மாவின் வீடு. பணம், பெயர், வேலைக்காரர்கள், சகோதரி எல்லாம் அம்மாவின் பக்கம். மருமகளின் பக்கம் இருக்க வேண்டிய ஒரே ஆள் அவன். அந்த ஒருவன் வாயைத் திறக்காதபோது அவனும் அம்மாவின் பக்கம் போய்ச் சேர்ந்துவிட்டான். பேசாமல் போய்ச் சேர்ந்ததால் அவனுக்கே அது தெரியவில்லை. பார்க்கிற உங்களுக்கும் தெரியவில்லை.

ஹிரோஷியைக் குடிகாரனாகவோ, வேறு பெண்ணை நாடுகிறவனாகவோ, கை நீட்டுகிறவனாகவோ காட்டியிருந்தால் நருசேக்கு வேலை எளிதாக முடிந்திருக்கும். நாம் எல்லோரும் கூடி அவனைத் திட்டிவிட்டு நிம்மதியாக எழுந்து போயிருப்போம். நருசே அவனுக்கு நல்ல முகத்தைக் கொடுத்தார், மென்மையைக் கொடுத்தார், மனைவிமேல் ஆசையைக் கொடுத்தார். முதுகெலும்பை மட்டும் கொடுக்கவில்லை. ஒரு வீட்டில் ஒரு பெண் நொறுங்குவதற்கு இது போதும் என்பதை மிகவும் அமைதியாகக் காட்டுகிறார். மாமியாரின் வாயால் மட்டும் எந்த மருமகளும் நொறுங்குவதில்லை. அடுத்த அறையில் அதைக் கேட்டுக்கொண்டிருக்கிறவன் எழுந்து வராத ஒவ்வொரு முறையும் அவள் கொஞ்சம் கொஞ்சமாக உடைகிறாள்.

'அவன் என்ன செய்திருக்க முடியும்?' என்று கேட்டிருக்கிறீர்கள். 'அம்மா, போதும்' என்று ஒரு தடவை சொல்லியிருக்கலாம். அதற்கு வீரம் வேண்டியதில்லை, இரண்டு சொல் போதும். மனைவியை அழைத்துக்கொண்டு தனி வீடு பார்த்துப் போயிருக்கலாம். அன்றைய டோக்கியோவில் கணவனும் மனைவியுமாகத் தனிக்குடித்தனம் நடத்தியவர்கள் ஏராளம். எதுவும் முடியாவிட்டால் அவள் அருகிலாவது போய் உட்கார்ந்திருக்கலாம்.

அந்தக் காலத்துச் சட்டத்தையும் சொல்ல வேண்டும். 1898இல் நடைமுறைக்கு வந்த ஜப்பானின் உரிமையியல் சட்டம் குடும்பத்தை 'இயே' என்ற அமைப்பாக வரையறுத்தது. வீடு என்று பொருள். அதற்கு ஒரு தலைவர். வீட்டைச் சேர்ந்தவர் திருமணம் செய்துகொள்ள அவருடைய சம்மதம் வேண்டும். மணமான பெண் கணவனின் வீட்டுக்குள் நுழைகிறாள் என்றே சட்டம் சொன்னது. அவள் கடன் வாங்கவும் வழக்குத் தொடுக்கவும் கணவனின் அனுமதி தேவை. மனைவி ஒழுக்கம் தவறினால் கணவன் விவாகரத்துக் கேட்கலாம். கணவன் தவறினாலோ, அதற்காக அவன் தண்டிக்கப்பட்டால்தான் மனைவி கேட்கலாம். இவற்றையெல்லாம் வாசித்தபோது எனக்குப் பெரிய வியப்பில்லை. 813ஆம் பிரிவில்தான் நின்றுவிட்டேன். விவாகரத்துக்கான காரணங்களின் பட்டியல் அது. அதில் ஒன்று, துணைவரின் பெற்றோரோ அவர்களுக்கு மூத்தவர்களோ தன்னைக் கொடுமைப்படுத்துவது அல்லது கடுமையாக இழிவுபடுத்துவது. மாமியாரின் வாயைச் சட்டம் எழுதிய ஆண்களுக்கு நன்றாகவே தெரிந்திருக்கிறது! அந்தப் பட்டியலை மேலிருந்து கீழாக இரண்டு முறை படித்தேன். பார்த்துக்கொண்டு சும்மா இருந்த கணவனை அதில் எங்கும் காணோம்.

போருக்குப் பிறகு அந்தச் சட்டம் மாறியது. 1947ஆம் ஆண்டின் அரசமைப்பில் 24ஆம் பிரிவு, திருமணம் என்பது இருவரின் சம்மதத்தால் மட்டுமே என்று சொன்னது. அதன் முதல் வரைவை எழுதியவர் அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகத்தில் வேலை பார்த்த பேயாட்டே சிரோட்டா என்ற பெண். எழுதும்போது அவருக்கு வயது 22. 1948 முதல் 'இயே' சட்டத்தில் இல்லை. வீடுகளுக்குள் அது எத்தனை காலம் இருந்தது என்பதை நருசேயின் பிற்காலப் படங்களைப் பார்த்தே தெரிந்துகொள்ளலாம்.

அந்த 813ஆம் பிரிவில் நான் ஏன் நின்றேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். இதுவரை எங்கும் எழுதியதில்லை.

1981இல் நான் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு. அண்ணனுக்குத் திருமணமாகி இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. அண்ணி தமிழிலும் ஆங்கிலத்திலும் டைப்ரைட்டிங் ஹையர் தேறியவர். ஒரு வக்கீலிடம் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். மணமான மாதமே அம்மா அதை நிறுத்திவிட்டார். சீராக வந்த பாத்திரங்களில் வெண்கலம் குறைவு, எவர்சில்வர் அதிகம் என்பது எங்கள் வீட்டில் இரண்டு வருடம் ஓடிய பேச்சு. காலையில் காப்பியோடு தொடங்கும். இரவு அடுப்படியைக் கழுவி முடிக்கும்வரை போகும். என் அம்மாவை நான் நேசித்தேன், இன்றும் நேசிக்கிறேன். ஆனால் அவர் பேசியவை எல்லாம் என் காதில் இருக்கின்றன.

அண்ணன் கூடத்தில் நாளிதழ் படித்துக்கொண்டிருப்பார். பேச்சின் சூடு ஏறும்போது ஒரு பக்கத்தைப் புரட்டுவார். அந்தக் காகிதச் சத்தம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. அதே கூடத்தில் நான் சாப்பிட்டுக்கொண்டிருப்பேன். அண்ணி பரிமாறுவார். அம்மா சொல்வதைக் கேட்டுக்கொண்டே எனக்கு ரசம் ஊற்றுவார். போதும் என்று கை காட்டுவதைத் தவிர நான் எதுவும் சொன்னதில்லை. எனக்கு வயது 19. ஒரு வார்த்தை சொல்வதற்குப் போதுமான வயது.

ஒருநாள் இரவு அண்ணி ஒரு ரெக்சின் பையில் துணிகளை எடுத்து வைத்துக்கொண்டு, ஊருக்குப் போகிறேன் என்றார். அம்மா பதில் சொல்லவில்லை. அண்ணன், இந்த நேரத்தில் தனியாகப் போக வேண்டாம் என்று என்னைத் துணைக்கு அனுப்பினார். நல்ல மனிதர் அல்லவா? கடைசிப் பஸ் ஒன்பதரைக்கு. பையை நான் தூக்கிக்கொண்டேன். பஸ் நிலையத்தில் வெகுநேரம் பேசாமல் நின்றோம். பஸ் உள்ளே திரும்பியபோதுதான் அண்ணி சொன்னார்: "தம்பி, உங்கள் அண்ணன் ஒருநாளும் என்னைக் கை நீட்டி அடித்ததில்லை. அடித்திருந்தால் என் அம்மாவிடம் போய்ச் சொல்ல ஒரு காரணமாவது இருந்திருக்கும்."

பிறந்த வீட்டில் அவரிடம் மூன்று கேள்விகள் கேட்டார்களாம். அடிக்கிறானா? குடிக்கிறானா? வேறு தொடர்பு உண்டா? மூன்றுக்கும் இல்லை என்றார். பிறகு ஏன் வந்தாய் என்றார்கள். இதெல்லாம் பல ஆண்டுகளுக்குப் பிறகு வேறொருவர் மூலம் எனக்குத் தெரிந்தது. அண்ணி திரும்பி வரவில்லை. அண்ணன் போய் அழைக்கவும் இல்லை. அவர் மறுமணம் செய்துகொள்ளவில்லை. ஊரார் அதையும் அவருடைய நல்ல குணத்தில் சேர்த்துக்கொண்டார்கள்.

அண்ணி மறுபடி தட்டச்சு இயந்திரத்தின் முன் உட்கார்ந்து, அரசுத் தேர்வு எழுதி வேலைக்குச் சேர்ந்து, கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றார். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு திருமண மண்டபத்தில் எதிர்ப்பட்டார். "தம்பி, சௌக்கியமா?" என்று கேட்டார். பிள்ளைகளைப் பற்றி விசாரித்தார். இந்த முறையாவது சொல்லிவிட வேண்டும் என்று நினைத்தேன். பந்திக்கு அழைத்தார்கள், எழுந்து போய்விட்டேன்.

இதனால்தான் மருத்துவமனைக் காட்சியைக் கல்நெஞ்சம் என்று நீங்கள் எழுதியதை என்னால் தாங்க முடியவில்லை. அந்தக் காட்சியை மறுபடி போட்டுப் பாருங்கள். சுகிகோ தனக்காக என்ன கேட்கிறாள்? என்னை ஏன் இப்படி நடத்தினீர்கள் என்றா கேட்கிறாள்? அவள் சொல்வது ஹிரோஷியைப் பற்றி. இந்த மனிதனை நீங்கள் நேசிக்கவில்லை என்கிறாள். பெற்ற தாயும் உடன்பிறந்தவளும் தன்னைவிடத் தன் பெயரைப் பெரிதாக நினைத்தார்கள் என்பதை அவன் வாழ்நாளில் ஒருநாள் அவர்களிடம் சொல்லியிருக்க வேண்டும். அவனால் முடியவில்லை. அவனுக்காக அவள் சொல்கிறாள். அந்த வீட்டில் ஹிரோஷிக்காகப் பேசிய ஒரே ஆள் சுகிகோ. அதைப் போய்க் கல்நெஞ்சம் என்கிறீர்கள்! சொன்ன பிறகு அவள் அங்கே தங்கவில்லை என்பதுதான் உங்கள் வருத்தம். தங்கி, அழுது, அவன் கையைப் பிடித்துக்கொண்டு, கடைசியில் அந்த வீட்டு விதவையாக அமர்ந்திருந்தால் அவளுக்கும் ஒரு 'பாவம்' கிடைத்திருக்கும், இல்லையா?

தேநீர்விடுதிக்குத் திரும்பியது தோல்வியா என்று கேட்டிருந்தீர்கள். அன்றைய கின்சாவின் பெரிய கஃபேக்களில் பல பெண்களுக்குச் சம்பளமே கிடையாது, வாடிக்கையாளர் கொடுக்கும் இனாமில்தான் பிழைப்பு. பரிமாறும் வேலையைப் பற்றி நருசேக்கு மயக்கம் எதுவும் இருந்ததில்லை. அவரே சிறு வயதில் தந்தையை இழந்து, 1920இல் ஷோச்சிக்குவில் அரங்கப் பொருள்களைச் சுமக்கும் உதவியாளாகச் சேர்ந்தவர். வேலை என்றால் என்ன என்று அறிந்த மனிதர், தன் கதாநாயகியை வேலைக்குத் திருப்பி அனுப்புகிறார். அண்ணி தட்டச்சு இயந்திரத்துக்குத் திரும்பினார். இதற்குமேல் எனக்குச் சொல்லத் தெரியவில்லை. 26 ஆண்டுகள் கழித்து, 1960இல், 'ஒரு பெண் மாடிப்படி ஏறும்போது' படத்துக்காக நருசே அதே கின்சாவுக்குத் திரும்பி வந்தார் என்பதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

வரிசை கேட்டிருந்தீர்கள். நருசேயின் மௌனப் படங்களில் இன்று மிஞ்சியிருப்பவை 5தான், வரிசை போடும் அளவுக்கு இல்லை. அவற்றில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். 1933இல் வந்த 'ஒவ்வோர் இரவின் கனவுகள்'. துறைமுகத்து மதுக்கூடம் ஒன்றில் வேலை செய்து மகனை வளர்க்கும் பெண்ணாக சுமிகோ குரிஷிமா நடித்திருக்கிறார். விட்டுப்போன கணவன் திரும்பி வருகிறான். அவனும் மென்மையானவன், மகனோடு விளையாடுகிறவன், எதற்கும் நிற்க முடியாதவன். கடைசியில் அவன் எழுதி வைத்துவிட்டுப் போன கடிதத்தை அவள் என்ன செய்கிறாள், மகனிடம் என்ன சொல்கிறாள் என்று கவனியுங்கள். கேமரா முகங்களை நோக்கிச் சட்டென்று பாய்ந்து போகும், தொடக்கத்தில் கண் கூசும், பழகிவிடும்.

ஒரு மணி நேரத்துக்குச் சற்றே அதிகமான படம். தனியாகப் பார்க்காதீர்கள். தையில் உங்கள் கையைப் பிடிக்கப்போகிறவரையும் கூட்டிக்கொண்டு பாருங்கள். முடிந்தால் 'முடிவில்லாத் தெரு'வையும் அவரோடு இன்னொரு தடவை பாருங்கள். ஹிரோஷி பாவமா என்று அவரிடம் கேளுங்கள். குறுக்கே பேசாமல் கேட்டு, அவர் சொன்னதை எனக்கு எழுதுங்கள். இருவருக்கும் என் அன்பும் ஆசியும்.